பராமரிப்புத் தொகை வராமல் நின்றால்: உத்தரவை அமலாக்கவும் வழக்குப் பதிவுகளைப் பெறவும் ஒரு முழுமையான வழிகாட்டி

ஒரு சனிக்கிழமை காலை. சிங்கப்பூரின் ஈசூன் வட்டாரத்தில் எங்கள் புளோக்கின் நாலாவது மாடியில் இருக்கும் அக்கா ஒரு ஃபேர்பிரைஸ் பையைத் தூக்கிக்கொண்டு வந்து எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் கொட்டினார். மின்கட்டண பில், மகனின் பள்ளிக் கடிதங்கள், பிஓஎஸ்பி பாஸ்புக், பலதுறை மருந்தகச் சீட்டுகள், வளையல் அடகு வைத்த ரசீது ஒன்று. மணவிலக்கு ஆகி நான்கு வருஷம். கணவர் மாதம் 800 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) கொடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவு போட்டிருந்தது. ஏழு மாதமாகப் பணம் ஒழுங்காக வரவில்லை.

“எல்லாம் இருக்கு. கோர்ட் ஆர்டர் எங்கக்கா?”

“அது வக்கீல்கிட்ட இருக்கும்மா.”

அந்த வக்கீல் பழைய அலுவலகத்தை விட்டுப் போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. புது முகவரி அக்காவிடம் இல்லை. அந்த ஒரு தாளைத் தேடிப் பிடிக்கவே எங்களுக்கு மூன்று வாரம் ஆனது. அந்த மூன்று வாரமும் அவர் மகனின் பள்ளி வேன் கட்டணத்தை என் தங்கையிடம் கடன் வாங்கிக் கட்டினார்.

நான் வழக்கறிஞர் இல்லை. குடும்ப நீதிமன்றத்துக்குத் தனியாகப் போகப் பயப்படும் பெண்களுக்குத் துணையாகப் பல வருஷமாகப் போய் வருகிறேன். அங்கே நான் பார்த்தது இதுதான்: சட்டம் பெண்களுக்குத் தரும் உரிமை பெரியது, அவர்கள் கையில் இருக்கும் காகிதம் குறைவு. எதிர்த்தரப்பு வக்கீலிடம் முழுக் கோப்பும் இருக்கும், இவரிடம் ஒரு கசங்கிய கவர் இருக்கும். அதனால் பணத்தை வசூலிக்கும் வழியையும், உங்கள் வழக்கின் பதிவுகளை உங்கள் கைக்குக் கொண்டுவரும் வழியையும் சேர்த்தே எழுதுகிறேன்.

முதலில்: உங்களிடம் இருப்பது எந்த உத்தரவு?

சிங்கப்பூரில் பராமரிப்புத் தொகைக்கு அடிப்படை 1961ஆம் ஆண்டின் மாதர் சாசனம் என்ற சட்டம். அதில் இரண்டு வாசல்கள் உண்டு. மணவாழ்க்கை நீடிக்கும்போதே கணவர் மனைவியையோ பிள்ளைகளையோ கவனிக்காமல் விட்டால் 69ஆம் பிரிவின் கீழ் கேட்கலாம். இதற்கு மணவிலக்கு வழக்குப் போட வேண்டியதில்லை. இது தெரியாமல், “டிவோர்ஸ் போட்டாத்தான் பணம் கேட்க முடியும்” என்று நினைத்துப் பல வருஷம் பொறுத்துக்கொண்ட பெண்களை நான் பார்த்திருக்கிறேன். மணவிலக்கு வழக்கோடு சேர்த்துக் கேட்பது 113ஆம் பிரிவு.

மனைவி சிங்கப்பூர்க் குடிமகளாக இருக்க வேண்டும் என்ற நிபந்தனை எதுவும் இல்லை. ஊரில் கல்யாணம் முடித்து, நீண்டகால விசிட் பாஸில் இங்கே வந்த மருமகளுக்கும் இந்த வாசல் திறந்தே இருக்கிறது. 2016இல் செய்த திருத்தத்துக்குப் பிறகு, நோயாலோ உடற்குறையாலோ உழைக்க முடியாத கணவரும் மனைவியிடம் பராமரிப்புக் கேட்கலாம். ஆண்கள் இதைக் கேட்க வெட்கப்படுகிறார்கள். வெட்கப்படத் தேவையில்லை.

உத்தரவைக் கையில் எடுத்ததும் நான்கு விஷயங்களைப் பென்சிலால் வட்டமிடுங்கள். எவ்வளவு தொகை. மாதத்தில் எந்தத் தேதி. எந்த வழியில், அதாவது எந்த வங்கிக் கணக்கில். யாருக்கு எவ்வளவு, அதாவது மனைவிக்குத் தனியாகவும் ஒவ்வொரு பிள்ளைக்கும் தனியாகவும் பிரித்திருக்கிறதா. இந்தக் கடைசிக் கேள்வியைப் பலரும் கவனிப்பதில்லை. முன்னாள் மனைவி மறுமணம் செய்துகொண்டால் அவருக்கான மாதத் தொகை நின்றுவிடும், ஆனால் பிள்ளைக்கான தொகை நிற்காது. பிள்ளைக்குப் பொதுவாக 21 வயது வரை. மகன் தேசிய சேவையில் இருந்தாலோ, பிள்ளை இன்னும் படித்துக்கொண்டிருந்தாலோ, உடற்குறையோ மனநலக் குறையோ இருந்தாலோ 21க்குப் பிறகும் உத்தரவு கேட்க இடமுண்டு.

சிலரின் உத்தரவில் மனைவிக்கு மாதம் 1 வெள்ளி என்று இருக்கும். அவமானமாக நினைத்துக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். பின்னாளில் நிலைமை மாறினால் தொகையை உயர்த்தக் கேட்கும் உரிமையைத்தான் அந்த ஒரு வெள்ளி காத்து வைத்திருக்கிறது. ஒரு வெள்ளி உத்தரவும் தானாகக் கிடைக்காது, அதற்கும் காரணம் காட்ட வேண்டும் என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் 2016இல் ஒரு வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. அதனால் உங்களுக்குக் கிடைத்திருந்தால் பத்திரமாக வையுங்கள்.

உத்தரவு கையில் இல்லை என்றால்

இங்கேதான் ஆட்கள் அலைகிறார்கள். காரணம், குடும்ப வழக்குகளின் காகிதங்கள் இரண்டு வெவ்வேறு அமைப்புகளில் கிடக்கின்றன.

மணவிலக்கு இல்லாமல், 69ஆம் பிரிவின் கீழ் நீங்களே போட்ட பராமரிப்பு விண்ணப்பம் என்றால் அது ஐஃபேம்ஸ் என்ற இணையத் தளத்தில் இருக்கும். குடும்ப நீதிமன்றங்கள் பொதுமக்களுக்காக வைத்திருக்கும் தளம் அது. அரசாங்க இணையச் சேவைகளுக்கான அடையாளமான சிங்பாஸ் கொண்டு நுழையலாம். மணவிலக்கு வழக்கிலேயே தீர்மானித்த தொகை என்றால் அது ஈலிட்டிகேஷன் என்ற வேறொரு அமைப்பில் இருக்கும். பெரும்பாலும் வக்கீல்கள் தாக்கல் செய்யும் இடம் அது. வக்கீல் இல்லாதவர்கள் அதற்கென்று உள்ள சேவை நிலையத்துக்குப் போய்க் கட்டணம் கட்டித் தங்கள் வழக்கின் ஆவணங்களைக் கேட்கலாம்.

எங்கள் அக்கா ஐஃபேம்ஸில் போய்த் தேடிவிட்டு “என் கேஸையே காணோம், அழிச்சிட்டாங்க போல” என்று அழுதார். அவருடையது மணவிலக்கு வழக்கு. தேடிய இடம்தான் தவறு.

செய்ய வேண்டியதை வரிசையாகச் சொல்கிறேன். முதலில் வழக்கு எண்ணைக் கண்டுபிடியுங்கள். பழைய கடிதம், வக்கீலின் பில், விசாரணைக்கு வரச்சொன்ன நோட்டீஸ், ஏதாவது ஒன்றின் மேல் மூலையில் இருக்கும். அடுத்து, பழைய வக்கீலுக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள். “என் கோப்பையும், முத்திரையிட்ட உத்தரவின் நகலையும் தாருங்கள்” என்று இரண்டு வரி போதும். அலுவலகம் மாறியிருந்தால் வழக்கறிஞர்களின் அமைப்பான சட்டச் சங்கத்தின் இணையப் பக்கத்தில் பெயரைப் போட்டுத் தேடலாம். கட்டணப் பாக்கி இருந்தால் அவர் கோப்பைத் தராமல் வைத்திருக்க வாய்ப்புண்டு. அப்படியானால் அவரோடு மல்லுக்கட்டாமல் நேராகச் சேவை நிலையத்துக்குப் போங்கள். அங்கே “சான்றளிக்கப்பட்ட நகல்” வேண்டும் என்று தெளிவாகக் கேளுங்கள். சாதாரண அச்சுப் பிரதியை வாங்கிக்கொண்டு வந்து, மறுபடியும் போய் வரிசையில் நின்றவர்கள் இருக்கிறார்கள்.

மணவிலக்கு முடிந்தது என்பதற்கான இறுதித் தீர்ப்புச் சான்றிதழும், சொத்து, பிள்ளை, பராமரிப்பு பற்றிய உத்தரவும் இரண்டு தனித்தனித் தாள்கள். பலர் முதலாவதை மட்டும் ஃபிரேம் போட்டுச் சுவரில் மாட்டாத குறையாகப் பத்திரமாக வைத்திருப்பார்கள். பணம் வசூலிக்க வேண்டியது இரண்டாவது. இரண்டையும் வாங்குங்கள். கைப்பேசியில் படம் பிடித்து, நம்பிக்கையான ஒருவருக்கும் அனுப்பி வையுங்கள்.

கணக்கு எழுதுவது

வழக்கின் உயிர் இந்தக் கணக்கில்தான் இருக்கிறது. நான் சொல்லும் முறை மிகச் சாதாரணம்: பள்ளிக்கூட நோட்டுப் புத்தகம் ஒன்று, நான்கு பத்தி. மாதம், வர வேண்டியது, வந்தது, எப்படி வந்தது.

அக்காவின் கணக்கை அவர் அனுமதியோடு சொல்கிறேன். ஜனவரியில் 800, பிப்ரவரியில் 800, இரண்டும் பேநவ் என்ற வங்கிப் பரிமாற்றம் வழியாக. மார்ச்சில் 400. ஏப்ரலில் எதுவும் இல்லை. மே மாதம் புளோக் கீழ்த்தளத்தில் மகனைப் பார்க்க வந்தபோது கையில் 300. ஜூன், ஜூலை, ஆகஸ்ட், செப்டம்பர் நான்கிலும் எதுவும் இல்லை. ஒன்பது மாதத்துக்கு வர வேண்டியது 7,200. வந்தது 2,300. பாக்கி 4,900 வெள்ளி.

அந்த 300 பற்றி அக்காவுக்கு ஒரு தயக்கம். “கையில குடுத்ததுதானே, எழுதாம விட்டா என்ன?” என்று கேட்டார். எழுதுங்கள். எதிர்த்தரப்பு அதைச் சொல்லி, நீங்கள் மறைத்தது தெரிந்தால் மற்ற எட்டு மாதக் கணக்கையும் நீதிபதி சந்தேகத்தோடு பார்ப்பார். மகனுக்குக் காலணி வாங்கிக் கொடுத்தது, பெருநாளுக்கு உடை எடுத்தது போன்றவற்றை உத்தரவில் அப்படிச் சொல்லியிருந்தால் தவிர மாதத் தொகையில் கழிக்க முடியாது என்பதே நான் கண்ட வழக்கம். ஆனாலும் தனியாக ஒரு ஓரத்தில் குறித்து வையுங்கள். உண்மையான கணக்கோடு போகிறவரின் குரலில் ஒரு திடம் வரும். அதை நேரில் பார்த்திருக்கிறேன்.

கூடச் சேர்க்க வேண்டியவை: அந்தக் கணக்கின் வங்கி அறிக்கை முழுவதும், பணம் கேட்டு நீங்கள் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகள், அவர் சொன்ன பதில்கள். செய்தியின் தேதியும் எண்ணும் தெரியும்படி திரையைப் படம் பிடியுங்கள். தமிழில் எழுதிய செய்தி என்றால் ஆங்கில மொழிபெயர்ப்பு தேவைப்படும், ஏனென்றால் நீதிமன்ற நடவடிக்கைகள் ஆங்கிலத்தில் நடக்கும். விசாரணையில் பேசுவதற்குத் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று விண்ணப்பத்தின்போதே சொல்லிவிடுங்கள். “எனக்கு இங்லீஷ் கொஞ்சம் தெரியும், சமாளிச்சிடலாம்” என்று நினைக்க வேண்டாம். வீட்டுக் கணக்கை, அதுவும் அழுகை தொண்டையில் நிற்கும்போது, தாய்மொழியில் சொல்வதே நல்லது.

ஒன்றை மட்டும் தள்ளிப் போடாதீர்கள். பாக்கி மூன்று ஆண்டுக்கு மேல் பழையதாகிவிட்டால் அதை வழக்கிட்டு வசூலிப்பதற்குச் சட்டம் தடை வைத்திருக்கிறது. “பாவம், கஷ்டத்துல இருக்காரு, அடுத்த வருஷம் கேட்டுக்கலாம்” என்று விட்டுக்கொண்டே போனால் முதல் மாதங்கள் ஒவ்வொன்றாகக் கைநழுவும்.

இன்னொன்று. பணம் வரவில்லை என்பதற்காகப் பிள்ளையைப் பார்க்கவிடாமல் தடுக்காதீர்கள். பிள்ளையைக் காட்டவில்லை என்பதற்காக அவர் பணத்தை நிறுத்தவும் கூடாது. இரண்டும் தனித்தனி உத்தரவுகள். நீங்கள் தடுத்தால் அடுத்த விசாரணையில் பேச்சு முழுக்க அதைப் பற்றியே ஆகிவிடும்.

விண்ணப்பம் போடுதல்

அமலாக்க விண்ணப்பத்தை ஐஃபேம்ஸ் வழியாகப் போடலாம். சிங்பாஸ் இல்லாதவர்கள் அல்லது கணினி பழக்கமில்லாதவர்கள் ஹேவ்லாக் ஸ்குவேரில் இருக்கும் குடும்ப நீதிமன்றத்துக்கு நேரில் போய் உதவி கேட்கலாம். வக்கீல் கட்டாயம் இல்லை. நான் கூடப் போனவர்களில் பெரும்பாலானோர் தாமே போட்டவர்கள்.

படிவத்தில் கவனம் தேவைப்படும் இடம் எதிர்த்தரப்பின் முகவரி. சம்மன்ஸ் அவர் கைக்குப் போய்ச் சேர வேண்டும். சேராவிட்டால் தேதி தள்ளிப் போகும். வீட்டு முகவரியோடு வேலையிட முகவரியும், எத்தனை மணிக்கு ஷிஃப்ட் என்பதும் தெரிந்தால் எழுதுங்கள். சம்மன்ஸ் கிடைத்தும் வராமல் இருந்தால் நீதிமன்றம் கைது ஆணை பிறப்பிக்க முடியும்.

பணம் கொடுத்து வக்கீல் வைக்க முடியாதவர்கள் சட்ட அமைச்சின் சட்ட உதவிப் பிரிவில் கேட்கலாம். வருமானத்தையும் சேமிப்பையும் பார்த்து முடிவு செய்வார்கள். விண்ணப்பதாரர் குடிமகளாகவோ நிரந்தரவாசியாகவோ இருக்க வேண்டும். பல சமூக மன்றங்களில் மாலை வேளையில் இலவசச் சட்ட ஆலோசனை நடக்கிறது. அங்கே கிடைப்பது இருபது நிமிடம் போல. கதையை ஆரம்பத்திலிருந்து சொன்னால் நேரம் போய்விடும். உத்தரவு, கணக்கு நோட்டு, மூன்று கேள்விகள், இவ்வளவோடு போங்கள். வாட்டர்லூ ஸ்திரீட்டில் உள்ள சிங்கப்பூர் மாதர் அமைப்புகள் மன்றமும் பராமரிப்புத் தொகை விவகாரங்களில் பெண்களுக்கு நீண்டகாலமாகக் கைகொடுத்து வருகிறது.

அமலாக்க அதிகாரி: புதிய நடைமுறை

முன்பெல்லாம் கணவரிடம் பணம் இருக்கிறது என்று நிரூபிக்கும் சுமை முழுக்க மனைவியின் தலையில் இருந்தது. பிரிந்துபோன ஒருவர் எந்த வங்கியில் கணக்கு வைத்திருக்கிறார் என்று இவருக்கு எப்படித் தெரியும்? அவர் “வேலை போச்சு” என்பார், இவர் “இல்லை, புது கார் ஓட்டுறார்” என்பார். தேதி தள்ளிப் போகும். மறுபடி ஒரு நாள் சம்பளம் இழந்து இவர் வர வேண்டும்.

இதை மாற்றத்தான் 2023 மே மாதம் நாடாளுமன்றம் குடும்ப நீதிச் சீர்திருத்த மசோதாவை நிறைவேற்றியது. 2025 ஜனவரி 16 முதல் சட்ட அமைச்சின் கீழ் பராமரிப்பு அமலாக்கப் பிரிவு ஒன்று இயங்குகிறது. அதன் அதிகாரிகள் இரு தரப்பின் நிதி நிலையைப் பற்றிய விவரங்களைக் கேட்டு வாங்க முடியும். வங்கிகள், அரசாங்க அமைப்புகள் போன்ற மூன்றாம் தரப்பிடமிருந்தும் நேரடியாகப் பெற முடியும். இருவரையும் பேச வைத்துச் சமரசம் காண முயல்வார்கள். முடியாவிட்டால், தாங்கள் கண்டதை அறிக்கையாக நீதிமன்றத்துக்குக் கொடுப்பார்கள்.

என்னைப் பொறுத்தவரை பல வருஷத்தில் வந்த நல்ல மாற்றம் இதுதான். கொடுக்க முடியாதவரையும் கொடுக்க மனமில்லாதவரையும் பிரித்துப் பார்க்கும் வேலையை ஓர் அதிகாரி ஏற்றுக்கொள்கிறார். உண்மையிலேயே முடியாதவருக்கு உதவிக்கு வழிகாட்டப்படும், மனமில்லாதவர் ஒளிந்துகொள்ள இடம் குறையும்.

ஆனால் அதிகாரிக்கு மந்திரம் தெரியாது. நீங்கள் கொடுக்கும் துப்பு அவருக்கு உதவும். பணம் கொடுக்க வேண்டியவர் வேலை செய்த நிறுவனங்களின் பெயர், முன்பு சம்பளம் வந்த வங்கி, வாகன எண், பகுதி நேரமாக டெலிவரி ஓட்டுகிறாரா, யார் பெயரிலாவது கடை நடத்துகிறாரா, எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதுங்கள். தெரிந்ததைத் தெரிந்தது என்றும், கேள்விப்பட்டதைக் கேள்விப்பட்டது என்றும் பிரித்து எழுதுங்கள். உங்கள் நிதி விவரமும் கேட்கப்படும். அதில் கோபப்பட எதுவும் இல்லை. சம்பளச் சீட்டு, வங்கி அறிக்கை, வாடகை அல்லது வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டுக் கடன் தவணை, பிள்ளையின் மாதச் செலவு ஆகியவற்றைத் தயாராக வைத்திருங்கள்.

சமரசப் பேச்சில் ஒப்புக்கொள்ளும் முன் ஒரு நிமிடம் நிதானியுங்கள். “மாதம் 800 தொடர்ந்து கொடுப்பேன், பழைய பாக்கியில் மாதம் 200 கூடக் கொடுப்பேன்” என்றால், அக்காவின் 4,900 தீர 25 மாதம் ஆகும். அது உங்களுக்குச் சரிவருமா? ஒரு மாதம் தவறினால் மீதி முழுவதும் உடனே கட்ட வேண்டும் என்ற வரி அதில் இருக்கிறதா? வாய்ப்பேச்சோடு நிறுத்தாமல் நீதிமன்ற உத்தரவாகப் பதிவு செய்யப்படுகிறதா? இந்த மூன்றையும் கேட்டுவிட்டுத் தலையாட்டுங்கள்.

நீதிமன்றம் என்ன செய்ய முடியும்?

தவணையாகக் கட்டச் சொல்லலாம். குறித்த தேதிக்குள் கட்டிவிட்டு ரசீதைக் காட்டச் சொல்லலாம். முதலாளியே சம்பளத்தில் பிடித்து நேராக உங்களுக்கு அனுப்பும்படி உத்தரவிடலாம். நிலையான வேலையில் இருப்பவர் விஷயத்தில் எனக்கு ரொம்பப் பிடித்தது இந்த வழி, ஏனென்றால் மாதாமாதம் கெஞ்ச வேண்டியதில்லை. அவர் வங்கிக் கணக்கில் கிடக்கும் பணத்திலிருந்து பாக்கியைக் கொடுக்கும்படி செய்யலாம். வருங்காலத் தொகைக்கு வங்கி உத்தரவாதம் கேட்கலாம். நிதி ஆலோசனைக்கு அனுப்பலாம். 40 மணி நேரம் வரை சமூக சேவை செய்ய வைக்கலாம். கட்டாமல் விட்ட ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறையில் அடைக்கலாம்.

சிறை பற்றி இரண்டு வார்த்தை. சிறைக்குப் போய் வந்ததால் பாக்கி கழிந்துவிடாது. அதே நேரம், உள்ளே இருக்கும் காலத்தில் அவருக்குச் சம்பளம் வராது, உங்களுக்கும் வராது. அதனால்தான் நீதிபதிகள் அதைக் கடைசியில் வைக்கிறார்கள். அதை முதலில் கேட்டு நிற்காதீர்கள்.

மத்திய சேம நிதிக் கணக்கில் நிறையப் பணம் இருக்கிறதே, அதிலிருந்து எடுத்துக் கொடுக்கச் சொல்லலாமா என்று எல்லாரும் கேட்கிறார்கள். அந்தப் பணத்துக்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு, கடன் பாக்கிக்காகக் கை வைக்க முடியாது. மணவிலக்கின்போது சொத்துப் பங்கீட்டில் அதைப் பிரிப்பது வேறு விஷயம். ஆனால் அந்தக் கணக்கின் சந்தா விவரம் அவர் வேலையில் இருக்கிறாரா, எவ்வளவு சம்பளம் என்பதைக் காட்டிக்கொடுத்துவிடும். அதற்காக அது பயன்படும்.

2011இல் வந்த திருத்தத்தின்படி, பராமரிப்புப் பாக்கி வைத்திருப்பவர் மறுமணம் செய்ய விண்ணப்பித்தால் அந்தப் பாக்கியை உறுதிமொழியில் அறிவிக்க வேண்டும்.

உத்தரவு வந்த பிறகும் நோட்டை மூடிவிடாதீர்கள். தேதி தவறினால் மறுபடி விண்ணப்பம் போடலாம். இரண்டாவது முறை பழைய கணக்கோடு புதுப் பக்கம் சேரும், அவ்வளவுதான்.

பதிவுகள்: எதைப் பார்க்கலாம், யார் பார்க்கலாம்

குடும்ப வழக்குகள் சிங்கப்பூரில் மூடிய அறையில் நடக்கின்றன. 2014ஆம் ஆண்டின் குடும்ப நீதிச் சட்டம் அப்படித்தான் சொல்கிறது. அதனால் மாமியாரோ பக்கத்து வீட்டுக்காரரோ நீதிமன்றம் போய் உங்கள் கோப்பைக் கேட்டு வாங்க முடியாது. வெளியார் பார்க்க நீதிமன்ற அனுமதி தேவை. இந்தப் பாதுகாப்பு உங்களுக்கும் உங்கள் பிள்ளைக்கும் நல்லது.

சிக்கல் எங்கே வருகிறது என்றால், “ரகசியம்” என்ற சொல்லைக் கேட்டதும் பெண்கள் தங்கள் சொந்தக் கோப்பையும் கேட்கக் கூடாது என்று நினைத்துவிடுகிறார்கள். நீங்கள் வழக்கின் ஒரு தரப்பு. உங்கள் உத்தரவு, நீங்கள் தாக்கல் செய்த உறுதிமொழிப் பத்திரம், உங்களுக்கு அனுப்பப்பட்ட எதிர்த்தரப்பின் பத்திரம் ஆகியவை உங்களிடம் இருக்க வேண்டிய காகிதங்கள். விசாரணையில் எதிர்த்தரப்பு ஒரு புதுத் தாளை நீட்டினால், “இது எனக்கு இதுவரை கிடைக்கவில்லை, படிக்க நேரம் வேண்டும்” என்று அமைதியாகச் சொல்லுங்கள். நான் கூடப் போன ஒரு தங்கை இந்த ஒரு வாக்கியத்தை உள்ளங்கையில் பேனாவால் எழுதிக்கொண்டு போனார். அன்று அதைச் சொல்லவும் நேர்ந்தது. தேதி தள்ளி வைக்கப்பட்டது.

விசாரணையில் பேசியதன் எழுத்துப் பிரதி தேவைப்பட்டால் நீதிமன்றத்திடம் கேட்கலாம், செலவு பிடிக்கும். மேல்முறையீட்டு எண்ணம் இருந்தால் உடனே கேளுங்கள், ஏனென்றால் அதற்கான கெடு குறுகியது. கைப்பேசியில் நீங்களே பதிவு செய்துவிடாதீர்கள். நீதிமன்றத்துக்குள் அனுமதியின்றி ஒலிப்பதிவு செய்வது 2016ஆம் ஆண்டின் நீதி பரிபாலனப் பாதுகாப்புச் சட்டத்தின்படி குற்றம்.

அதேபோல, வழக்கில் உங்களுக்குக் கிடைத்த அவருடைய வங்கி அறிக்கையை அந்த வழக்குக்கு மட்டுமே பயன்படுத்த வேண்டும். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிட்டால், உங்கள் பக்கம் நியாயம் இருந்தும் நீங்கள் பதில் சொல்லும் நிலை வரும்.

மற்றவர்களின் வழக்குகளில் நீதிபதிகள் என்ன சொன்னார்கள் என்று படிக்க ஒரு நல்ல வழி உண்டு. வெளியிடப்படும் குடும்பத் தீர்ப்புகளை ஈலிட்டிகேஷன் தளத்தின் தீர்ப்புப் பகுதியில் இலவசமாகப் படிக்கலாம். அவற்றில் ஆட்களின் பெயர் இருக்காது, மூன்று ஆங்கில எழுத்து மட்டும் இருக்கும். மேலே நான் சொன்ன ஒரு வெள்ளி வழக்கின் பெயர்கூட ஏடிஇ எதிர் ஏடிடி என்றுதான். உங்களைப் போன்ற வருமானம், உங்களைப் போன்ற பிள்ளைகள் உள்ள ஒரு தீர்ப்பை எடுத்து, பள்ளியில் படிக்கும் மகளையோ அண்ணன் மகனையோ பக்கத்தில் உட்காரவைத்துப் படியுங்கள். எந்தச் செலவை நீதிபதி ஏற்றார், எதை “ஆதாரம் இல்லை” என்று தள்ளினார் என்று பார்த்தால், உங்கள் பையில் என்ன குறைகிறது என்பது புரியும்.

முஸ்லிம் குடும்பங்கள், வெளிநாட்டில் இருப்பவர்

தமிழ் முஸ்லிம் சகோதரிகள் அடிக்கடி கேட்பது: “எங்களுக்கு ஷரியா நீதிமன்றம்தானே?” மணவிலக்கும் அதையொட்டிய இத்தா காலத்துக்கான (மணவிலக்குக்குப் பிந்தைய காத்திருப்புக் காலம்) பராமரிப்பான நஃபகாவும், மனைவிக்குத் தரும் ஆறுதல் தொகையான முத்ஆவும் அங்கே. ஆனால் மணவாழ்க்கையின்போது பராமரிப்புக் கேட்பதற்குக் குடும்ப நீதிமன்றத்துக்கே வரலாம். ஷரியா நீதிமன்றம் உத்தரவிட்ட தொகை வராவிட்டால் அதை அமலாக்கவும் குடும்ப நீதிமன்றத்தில் வழியுண்டு.

பணம் கொடுக்க வேண்டியவர் வெளிநாட்டில் இருந்தால், சில நாடுகளோடு பரஸ்பரமாக உத்தரவுகளை அமலாக்க 1921, 1975ஆம் ஆண்டுகளின் இரண்டு சட்டங்கள் இருக்கின்றன. எல்லா நாடும் அதில் இல்லை. நாட்டின் பெயரைச் சொல்லி முதலிலேயே விசாரித்துவிடுங்கள்.

கொடுக்க வேண்டியவர் இதைப் படித்தால்

அண்ணே, உங்களுக்கும் ஒரு வார்த்தை. வேலை போனாலோ, சம்பளம் குறைந்தாலோ, உடம்பு முடியாமல் போனாலோ தொகையைக் குறைக்கக் கேட்டு விண்ணப்பம் போடச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் நீங்களாகவே நிறுத்திக்கொண்டால், நீதிமன்றம் மாற்றும்வரை பழைய தொகை மாதாமாதம் ஏறிக்கொண்டே இருக்கும். வேலையை விட்டு நிறுத்திய கடிதம் கிடைத்த வாரத்திலேயே விண்ணப்பத்தைப் போடுங்கள். கூடவே அந்தக் கடிதம், கடைசி மூன்று மாதச் சம்பளச் சீட்டு, வேலை தேடி அனுப்பிய விண்ணப்பங்கள், மருத்துவச் சான்று இருந்தால் அது. அதுவரை முடிந்ததைக் கட்டுங்கள், நூறு வெள்ளியானாலும் சரி. கையில் கொடுக்காமல் உத்தரவில் சொன்ன கணக்கில் போடுங்கள். பேநவில் குறிப்பு எழுதும் இடத்தில் மாதத்தின் பெயரைப் போடுங்கள்.